தண்ணீர் விடுகிற முறை

மெகடேமியா என்ற சொல்லுக்குத் தமிழில் பெயர் தேட வேண்டாம் என்று முதலிலேயே சொல்லிவிடுகிறேன். குவீன்ஸ்லாந்துக் கொட்டை என்று யாராவது அகராதியில் எழுதி வைக்கலாம். எழுதி வைத்தால் அது அகராதியிலேயே கிடக்கும். ஆங்கிலத்தில் வழங்குகிற பெயரே ஒட்டவைத்த பெயர்தான். ஃபெர்டினாண்ட் ஃபான் முல்லர் என்ற ஜெர்மானியத் தாவரவியல்காரர் 1857இல் மெல்போர்னில் இருந்துகொண்டு, தன் சகா ஜான் மெகாடம் பெயரை இந்த மர இனத்துக்கு வைத்தார். மெகாடம் ஸ்காட்லாந்துக்காரர்; ரசாயனம் கற்பித்தவர்; அரசியலில் இருந்தவர்; 1858இல் இரண்டு பள்ளிகளுக்கிடையே நடந்த, இன்றும் பேசப்படுகிற ஒரு கால்பந்து ஆட்டத்தில் நடுவராக நின்றவர். 1865இல் நியூஸிலாந்துக்குப் போகிற வழியில் கப்பலில் இறந்துபோனார். வயது 38. மரம் வளர்ந்த காடுகளோ மெல்போர்னுக்கு வடக்கே ஆயிரம் கிலோமீட்டருக்கும் அப்பால் இருந்தன.

அந்தக் காடுகளில் காலங்காலமாக இருந்த பழங்குடிகள் கொட்டையைப் பொறுக்கிக் கல்லில் உடைத்துத் தின்றவர்கள். அவர்களிடம் அதற்குப் பெயர்கள் இருந்தன. ஜிண்டில்லி, பூம்பெரா, கிண்டல் கிண்டல். கடைசிப் பெயரை முதன்முதலில் படித்தபோது சிரித்துவிட்டேன்; என் காது தமிழ்க் காது, வேறென்ன செய்யும். கொஞ்ச நேரம் கழித்துச் சிரிப்பு நின்றுவிட்டது. சபையில் ஒருவர் இட்ட பெயர் உலகம் முழுக்கப் போய்ச் சேர்ந்திருக்கிறது, தின்றவர்கள் வைத்திருந்த பெயர் புத்தகத்தின் அடிக்குறிப்பில் நிற்கிறது. தமிழ் விமர்சனத்திலும் இதுபோல நடந்திருக்கிறது என்று எழுத வருகிறது. எழுதினால் நான் சொல்ல வந்த விஷயத்தை விட்டு விலகிவிடுவேன்.

நான் சொல்ல வந்தது தண்ணீர் விடுவதைப் பற்றி.

என் அக்கா பிரிஸ்பேனில் இருக்கிறாள். ஒரு முதியோர் இல்லத்தில் இரவு வேலை. அத்தான் மாதத்தில் பாதி நாள் சுரங்கப் பகுதிகளில். 2024 செப்டம்பரில், சேர்த்து வைத்திருந்த பி.எல்.லை எடுத்துக்கொண்டு இருபத்திரண்டு நாள் அவள் வீட்டில் இருந்தேன். ஊரைப் பார்க்கப் போனதாக அலுவலகத்தில் சொல்லியிருந்தேன். பையில் ஒரு பத்திர நகலும் இருந்தது. அதைப் பிறகு சொல்கிறேன். போய் இறங்கிய இரண்டாம் நாள் காலையில், இரவு வேலை முடிந்து வந்த அக்கா, குளிர்பதனப் பெட்டியின் கதவில் ஒரு காகிதத்தை ஒட்டிவிட்டுத் தூங்கப் போய்விட்டாள். அதில் இப்படி இருந்தது: செவ்வாய், வெள்ளி. ஓட்ட வாளி ரெண்டு. நாலு பக்கமும். தண்டுல படக் கூடாது. அவசரப்படாத.

எனக்கு வந்த கடிதங்களில் இவ்வளவு சுருக்கமும் தெளிவுமாக இருந்தவை குறைவு. பத்திரிகை நடத்துகிற நண்பர்கள் எழுதுகிற கடிதங்களையும் சேர்த்துத்தான் சொல்கிறேன்.

மரம் பின்கட்டில், வேலியிலிருந்து நாலு கெஜம் தள்ளி இருந்தது. என்னைவிட ஒரு முழம் உயரம். ஒட்டுக் கன்று, போமான்ட் என்ற ரகம். இரண்டு காட்டு இனங்களின் கலப்பு என்பது இலையைப் பார்த்தாலே தெரியும். ஓர் இனத்துக்குக் கணுவுக்கு மூன்று இலை, மற்றதற்கு நான்கு. இதில் சில கணுவில் மூன்றும் சில கணுவில் நான்குமாக இருக்கிறது. ஓரத்தில் முள். கொழுந்து வெண்கல நிறம். நான் போன சமயம் முதல் தடவையாகப் பூத்திருந்தது. கொன்றைச் சரம்போலத் தொங்குகிறது, ஆனால் நிறம் இளஞ்சிவப்பு. ஒரு சரத்தில் நூறு, இருநூறு, அதற்கு மேலும் பூக்கள். அத்தனையிலும் கொட்டையாகித் தேறுவது ஒரு சிலதான். கொட்டாத சிறு தேனீக்கள், கொசு அளவே இருப்பவை, சரத்தைச் சுற்றிக்கொண்டிருந்தன.

ஓட்டை வாளி என்பது அடியில் ஆணியால் இரண்டு துளை போட்ட சாதாரண பிளாஸ்டிக் வாளி. மழைநீர்த் தொட்டிக் குழாயிலிருந்து வேறொரு வாளியில் பிடித்துக்கொண்டு வந்து இதில் ஊற்ற வேண்டும். ஓட்டை வாளியைத் தண்டருகே வைக்கக் கூடாது. உச்சி வேளையில் கிளைகளின் நிழல் எங்கே விழுகிறதோ அந்த விளிம்பில் வைக்க வேண்டும். அங்கேதான் உறிஞ்சுகிற வேர்கள் இருக்கின்றன. இந்த மரத்துக்கு ஆழமான ஆணிவேரின் பலம் கிடையாது. பெரும்பாலான வேர் மேல்மண்ணிலேயே பரவி நிற்கிறது. தண்டில் ஈரம் தங்கினால் அடிப்பட்டையில் அழுகல் நோய் வரும். மண் களிமண். குழாயைத் திறந்துவிட்டால் தண்ணீர் மேலோடு ஓடிப் புல்லுக்குப் போய்விடும், மரத்துக்கு ஒன்றும் கிடைக்காது. ஓட்டை வாளியில் ஊற்றினால் சொட்டுச் சொட்டாக இறங்குகிறது. ஒரு வாளி இறங்கக் கால் மணி நேரத்துக்கு மேல். இரண்டு வாளியை இரண்டு பக்கம் வைத்து, இறங்கியதும் மற்ற இரண்டு பக்கம். மொத்தம் முக்கால் மணி நேரம் போல ஆகும்.

அந்த முக்கால் மணி நேரத்தில் செய்வதற்கு ஒன்றும் இல்லை. முதல் செவ்வாயன்று கையில் ஒரு புத்தகம் எடுத்துக்கொண்டு போனேன். வாளியில் மட்டம் இறங்குவது கண்ணுக்குத் தெரியவில்லை. பக்கத்தைப் புரட்டிவிட்டுப் பார்த்தால் இறங்கியிருக்கிறது. வெள்ளிக்கிழமை புத்தகம் எடுத்துப் போகவில்லை. வங்கியில் கவுண்டருக்கு அந்தப் பக்கம் நிற்கிற முகங்களை, டோக்கன் எண்ணைப் பார்க்கிற அந்தப் பார்வையை, பதினோரு வருஷமாகப் பார்த்து வருகிறேன். காத்திருப்பது எப்படி இருக்கும் என்பது எனக்குக் கவுண்டரின் இந்தப் பக்கத்திலிருந்துதான் தெரிந்திருந்தது.

மரத்தைச் சுற்றிக் கரும்புச் சோகை பரப்பியிருந்தது. தண்டைத் தொடாமல் ஒரு சாண் விட்டு, வட்டமாக, நாலு விரல் கனத்துக்கு. குவீன்ஸ்லாந்து கரும்பு விளைகிற நாடு. சோகையைப் பொடித்து, கட்டுக் கட்டாக உறையிலிட்டு, செடி விற்கிற கடைகளில் அடுக்கி வைத்திருக்கிறார்கள். எங்கள் பக்கத்தில் கரும்பு வெட்டியதும் சோகைக்குத் தீ வைத்துவிடுவார்கள். சாயங்காலத்தில் வானம் சிவந்து, கரித்துகள் வீட்டு முற்றத்தில் வந்து விழும். அந்தச் சோகையை அக்கா காசு கொடுத்து வாங்கியிருக்கிறாள். அதைக் கையில் அள்ளியபோது வந்த வாசனை எனக்குத் தெரிந்த வாசனை. அந்த நாட்டில் நான் அறிமுகமில்லாமல் இல்லை என்று பட்ட ஒரே நிமிஷம் அது.

அப்பா தென்னைக்குத் தண்ணீர் விட்டதும் இதே முறைதான். தண்டிலிருந்து மூன்று நான்கு அடி தள்ளி வட்டமாகப் பாத்தி பறித்து, அதில் மட்டையும் மட்டைத் தூளும் போட்டு, கிணற்றிலிருந்து இறைத்து ஊற்றுவார். சின்ன வயசில் நான் தண்டில் ஊற்றினால், "மரத்துக்கு வாய் அங்க இல்லடா" என்பார். பள்ளி ஆசிரியர், ஆனால் பாடம் நடத்துகிற தொனியில் சொன்னதில்லை. அக்கா ஒன்பதாவது படிக்கும்போது வாளி தூக்குகிற வேலை அவளுக்கு வந்தது. எனக்கு அது வரவே இல்லை. எனக்கு ஆங்கிலம் வந்தது. வயலோரத்து வீட்டில் உட்கார்ந்துகொண்டு, கண்ணால் பார்த்திராத டாஃபோடில் பூவைப் பற்றிப் பரீட்சையில் நான்கு பக்கம் எழுதி மார்க் வாங்கினேன்.

தென்னைக்குப் போடுகிறதை இந்த மரத்துக்குப் போட முடியாது என்பதுதான் வித்தியாசம். உரக் கடையில் தழைச்சத்து, மணிச்சத்து, சாம்பல்சத்து என்று மூன்றையும் ஒரே மூச்சில் சொல்வார்கள். மெகடேமியாவுக்கு மணிச்சத்து அதிகமானால் ஆகாது. மணிச்சத்து அருகியிருந்த பழைய மண்ணில் உருவான குடும்பம் இது. பசியில் வாழ்வதற்கென்றே கொத்துக் கொத்தாக, பஞ்சுபோல மெல்லிய வேர்களை விட்டு, இருக்கிற கொஞ்சத்தையும் கரைத்து உறிஞ்சப் பழகியிருக்கிறது. தாராளமாகப் போட்டால் இலை வெளுத்துச் சீக்குப் பிடிக்கும். வறுமையில் பழகிய உயிருக்குத் திடீர்ச் செழிப்பு நஞ்சு. இதை ஒரு கவிஞர் எழுதினால் நான் நம்பியிருக்க மாட்டேன். உரப் பையின் பின்புறம் எச்சரிக்கையாக அச்சிட்டிருந்ததால் நம்பினேன்.

வேலிக்கு அந்தப் பக்கத்து வீட்டில் எழுபது வயதைத் தாண்டிய ஒருவர். நான் வாளியோடு நிற்பதைப் பார்த்துவிட்டு 2007ஐப் பற்றிப் பேசினார். பெரிய வறட்சி. அணைகளில் தண்ணீர் ஐந்தில் ஒரு பங்குக்கும் கீழே போய்விட்டது. ஆளுக்கு ஒரு நாளைக்கு 140 லிட்டர் என்று இலக்கு வைத்தார்கள். குழாயை நீட்டித் தோட்டத்துக்குப் பாய்ச்சத் தடை, வாளிதான். குளிக்க நாலு நிமிஷம். அக்கா வீட்டுக் குளியலறையில் கண்ணாடிக்குக் கீழே ஒரு சின்ன மணற்கடிகாரம் ஒட்டியிருந்ததைப் பார்த்திருந்தேன், முந்தைய வீட்டுக்காரர்கள் விட்டுப்போனது. எதற்கென்று அப்போதுதான் தெரிந்தது. பிறகு 2011இல் அதே நகரத்தில் வெள்ளம், 2022இல் மறுபடியும். அவர் இந்த மரத்துக்கு மெகடேமியா என்று சொல்லவில்லை. பாப்பிள் கொட்டை என்றார். பாப்பிள் என்பது வடக்கே இருக்கிற ஒரு மலையின் பெயர். அவருடைய சிறுவயதில் எல்லோரும் அப்படித்தான் சொல்வார்களாம்.

இனி 2021ஐச் சொல்ல வேண்டும்.

அந்த மே மாதம் இரண்டாவது வாரத்தில் அப்பா இறந்தார். ஆஸ்திரேலியா 2020 மார்ச்சிலேயே எல்லையை மூடிவிட்டிருந்தது. குடிமக்களும் அனுமதி வாங்காமல் வெளியே போக முடியாது. 2021 மே 3 முதல் 15 வரை, இந்தியாவில் இருந்துவிட்டு வருகிறவர் சொந்தக் குடிமகனாகவே இருந்தாலும் உள்ளே வந்தால் ஐந்து வருஷம் சிறை அல்லது 66,600 டாலர் அபராதம் வரை விதிக்கலாம் என்று உத்தரவு. அக்காவுக்கு அப்போது ஐந்து வயதில் ஒரு பெண். தமிழ்நாட்டிலும் மே 10 முதல் ஊரடங்கு. சுடுகாட்டில் நாங்கள் ஐந்து பேர். சித்தப்பா மகன் கைபேசியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டிருந்தான். அதில் அக்கா இருந்தாள். வெயிலில் திரை சரியாகத் தெரியவில்லை என்று அவன் அடிக்கடி கையால் மறைத்துப் பார்த்துக்கொண்டான். எள்ளும் தண்ணீரும் நான் விட்டேன். மகள் விடலாமா கூடாதா என்ற பேச்சே எழவில்லை. அவள்தான் அங்கே இல்லையே. எழுந்திருந்தால் சண்டையாவது போட்டிருப்பாள்.

அக்கா இந்த மரத்தை நட்டது அந்த ஜூனில்.

இந்தப் பத்திரிகையைப் படிக்கிற நூற்றுச்சொச்சம் பேரும் இந்நேரம் முடிச்சைப் போட்டிருப்பீர்கள். எனக்கும் அந்த வாளியருகே நின்ற முதல் வாரத்திலேயே போடத் தோன்றியது. தொழில் தோஷம். துக்கத்துக்கு ஈடான ஒரு ஸ்தூலமான பொருளைக் கண்டுபிடிக்கச் சொல்லி எலியட் 1919இல் ஹாம்லெட் கட்டுரையில் எழுதினார். அதற்குத் தமிழில் என்ன பெயர் என்று நாம் வருஷக்கணக்கில் அடித்துக்கொண்டோம். இங்கே பொருள் தயாராக இருக்கிறது, தண்ணீர்கூட இருக்கிறது, எள் மட்டும்தான் இல்லை. யாராவது நற்றிணை 172ஐ ஞாபகப்படுத்துவார்கள். விளையாட்டாகப் புதைத்த புன்னை விதை முளைத்து மரமாகி, பெண்ணுக்கு உடன்பிறந்தவளாகிவிடுகிற பாட்டு. அந்தப் புன்னை அந்தக் கடற்கரையுடையது, அந்தப் பெண்களும் அந்தக் கடற்கரைக்காரர்கள். இங்கே மரம் அந்த மண்ணின் மரம். தண்ணீர் விடுகிற கைதான் வந்தேறிக் கை. பிரிஸ்பேனில் நான் போன தமிழர் வீடுகள் எல்லாவற்றிலும் தொட்டியில் கறிவேப்பிலை இருந்தது. அக்கா வீட்டிலும் உண்டு. அப்பாவுக்காக ஏதாவது நட வேண்டுமென்று அவள் நினைத்திருந்தால் முருங்கையோ எலுமிச்சையோ நட்டிருப்பாள்.

அதனால் நேரடியாகக் கேட்டேன்.

"ஏன்க்கா இந்த மரம்?"

"எலுமிச்சங்கன்னு வாங்கத்தான் போனேன். நல்ல கன்னு இல்ல. இது இந்த ஊரு மரம், தானா பொழச்சுக்கும்னு கடைக்காரன் சொன்னான்."

"அவ்வளவுதானா?"

"வேற என்னடா? அப்ப எனக்கு எதையும் யோசிக்கிற நெலம இல்ல. குழி தோண்டணும்னு இருந்துச்சு. தோண்டினேன்."

குழி தோண்ட வேண்டும் என்றிருந்தது. இதற்கு மேல் ஒரு விமர்சகன் செய்ய வேண்டியது எதுவும் இல்லை. அவள் அந்த வாக்கியத்தைச் சொல்லிவிட்டுப் பெண்ணின் சாப்பாட்டுப் பாத்திரத்தைக் கழுவப் போய்விட்டாள். மரத்தைப் படிமம் ஆக்கிவிட்டால் அக்கா அதில் கரைந்துபோய்விடுவாள். எனக்கு அக்கா வேண்டும். நம் புதுக்கவிதையில் முக்கால்வாசியில் வீட்டு மனிதர்கள் இப்படித்தான் காணாமல் போயிருக்கிறார்கள். முற்றமும் கிணறும் வேம்பும் அர்த்தம் சுமந்துகொண்டு நிற்கும். அதில் நீர் இறைத்த பெண்பிள்ளைக்குப் பெயர்கூட இருக்காது.

ஒரு நாள் நகரத்துக்குள் ஆற்றோரத் தாவரத் தோட்டத்துக்குப் போய்ப் பார்த்தேன். 1858இல் அதன் தலைவராயிருந்த வால்டர் ஹில் நட்டதென்று சொல்கிற மெகடேமியா அங்கே இருக்கிறது. மனிதர் நட்டு வளர்த்தவற்றில் மூத்தது என்கிறார்கள். அவரிடம் வேலை பார்த்த பையன் விஷம் என்று நினைத்த பருப்பைத் தின்றுவிட்டுச் சாகாமல் நின்றான் என்று ஒரு கதை. பையன் பெயர் யாருக்கும் வேண்டியிருக்கவில்லை. 1880களில் விதை ஹவாய்க்குப் போனது. அங்கே தோப்பாகி, டப்பியில் அடைபட்டு, உலகத்துக்கு ஹவாய்க் கொட்டையாக அறிமுகமாயிற்று. 2019இல் வெளியான மரபணு ஆய்வில், ஹவாய்த் தோப்புகளின் மூதாதை குவீன்ஸ்லாந்தில் கிம்பி ஊருக்குப் பக்கத்தில், மூலு என்ற ஒரே இடத்துச் சில மரங்களாக இருக்கலாம் என்று தெரிந்தது. பிறந்த இடத்திலேயே அது வியாபாரப் பயிராகப் பெருகியது அமெரிக்காவைச் சுற்றி வந்த பிறகுதான். சிரிக்க எனக்கு யோக்கியதை இல்லை. குறுந்தொகையை நான் முதலில் படித்தது ஏ.கே. ராமானுஜனின் 1967ஆம் வருஷத்து ஆங்கிலப் புத்தகத்தில், கல்லூரி நூலகத்தில், ஃபேனுக்கடியில்.

பத்திர விஷயம். அப்பா கட்டிய வீடு கும்பகோணத்துக்குப் பக்கத்தில் பூட்டிக் கிடக்கிறது. அம்மா அவருக்கு முன்பே போய்விட்டாள். நான் திருச்சியில் வாடகைக்கு இருக்கிறேன். வாங்க ஒருவர் தயாராக இருந்தார். அக்கா தன் பாகத்துக்கு விடுதலைப் பத்திரமோ, விற்பதற்கு என் பேரில் பவரோ கொடுக்க வேண்டும். சட்டப்படி சரி பாகம் அவளுடையது. பணத்தில் பாதியை அனுப்புவேன் என்று எழுதியே கொண்டுபோயிருந்தேன். வங்கியில் இறந்தவர் கணக்குகளுக்கு வாரிசுகளிடம் கையெழுத்து வாங்கி வாங்கிப் பழகிய கை; எங்கே போட வேண்டும் என்று பென்சிலில் பெருக்கல் குறிகூட இட்டிருந்தேன்.

அக்கா முழுக்கப் படித்தாள். விலையைப் பற்றிக் கேட்கவில்லை.

"வாங்கறவரு கெணத்த என்ன செய்வாரு?"

மூடிவிடுவார் என்றேன். நாலு குடித்தனம் கட்டப்போவதாகச் சொன்னார்; கிணறு இருக்கிற இடத்தில்தான் கார் நிறுத்த வேண்டும்.

"சரி" என்று சொல்லிக் காகிதத்தை மடித்து நுண்ணலை அடுப்பின் மேல் வைத்தாள். அது நான் கிளம்புகிற வரைக்கும் அங்கேயே இருந்தது. நான் எடுக்கவில்லை, அவள் தொடவில்லை. இருபத்திரண்டு நாளில் ஆறு தடவை தண்ணீர் விட்டிருக்கிறேன். ஐந்தாவது தடவை அவள் தூக்கம் வராமல் எழுந்து வந்து, சோகைக்குள் இரண்டு விரலை விட்டுப் பார்த்து, "கொஞ்சம் ஈரம் இருக்கு, ஒரு வாளி போதும்" என்றாள். மீதி வாளியை என்ன செய்வதென்று கேட்டேன். கறிவேப்பிலைக்கு ஊற்றச் சொன்னாள். அப்பா பேச்சு அப்போதும் வரவில்லை. இருவரும் நின்றுகொண்டிருந்தோம், ஒரு வாளி இறங்குகிற நேரம்.

வெளிநாட்டில் எழுதிய பவருக்கு, இந்தியாவுக்குள் வந்த நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள் முத்திரைத் தீர்வை கட்ட வேண்டும். அந்த மூன்று மாதம் தொடங்கவே இல்லை. வாங்க வந்தவர் வேறு இடம் பார்த்துவிட்டார். டிசம்பர் கடைசியில் அக்கா ஒரு படம் அனுப்பினாள். ஒரு சரத்தில் பச்சையாக ஏழு காய், இன்னொன்றில் இரண்டு. கொட்டைக்குள் எண்ணெய் ஏறுகிற பருவம், தண்ணீர் குறையக் கூடாது. அங்கே அப்போது மழை பிடித்திருந்தது, வாளியைக் கவிழ்த்து வைத்துவிட்டேன் என்று எழுதியிருந்தாள். அடியில் இன்னொரு வரி: நம்ம கெணத்துல தண்ணி எவ்வளவு இருக்குன்னு பாத்துச் சொல்லு.

ஞாயிற்றுக்கிழமை பஸ் ஏறிப் போய்ப் பார்த்தேன். மேலிருந்து நாலாவது உறையில் நிற்கிறது என்று பதில் போட்டேன்.